தெற்குத் தெரு குடும்பக் குழு: நிலாவின் வெள்ளிக்கிழமைப் பேச்சு

கவிதா (சவுத்தாம்ப்டன்): அனைவருக்கும் வணக்கம். வரும் வெள்ளிக்கிழமை நிலா வகுப்பில் மூன்று நிமிடம் பேச வேண்டும். எங்கள் ஹாம்ப்ஷயர் கவுன்டியை (இங்கிலாந்தின் மாவட்டம்) சேர்ந்த பழைய மனிதர் ஒருவரைப் பற்றியதாக இருக்க வேண்டுமாம். ஜேன் ஆஸ்டினையும் டிக்கன்ஸையும் மற்ற பிள்ளைகள் எடுத்துக்கொண்டுவிட்டார்கள். இவளுக்குக் கிரிக்கெட் ஆடிய ஒருவர்தான் வேண்டுமாம்.

செந்தில்: ஷேன் வார்ன்.

கவிதா: பழைய மனிதர் என்று எழுதியிருக்கிறேன், தம்பி.

பெரியப்பா: மேஜர் ராபர்ட் பூர். வேறு யாரையும் தேட வேண்டாம், கவிதா. அவர் 1866இல் டப்ளினில் பிறந்து, 7ஆவது ஹுஸார் குதிரைப்படையில் அதிகாரியாக இருந்தவர். ஆறடி நான்கு அங்குல உயரம். பம்பாய் ஆளுநர் ஹாரிஸ் பிரபுவிடம் மெய்க்காவல் உதவியாளராக இருந்த நாட்களில்தான், பிறர் ஆட்டத்தைக் குறைக்கத் தொடங்கும் வயதில், புத்தகத்தை வைத்துக்கொண்டு மட்டையாட்டத்தை முறையாகக் கற்றார். 1899 கோடையில் ஹாம்ப்ஷயர் கவுன்டி அணிக்காக அவர் ஆடிய ஆட்டத்தைக் கேட்டால் இன்றைக்கும் நம்ப முடியாது. போர்ட்ஸ்மத்தில் சாமர்செட்டுக்கு எதிராக 104, அதே ஆட்டத்தில் மறுபடியும் ஆட்டமிழக்காமல் 119, அடுத்ததாக உங்கள் சவுத்தாம்ப்டனில் லங்காஷயருக்கு எதிராக 111. அந்தப் பருவத்தில் மொத்தம் 1551 ஓட்டங்கள், 7 சதங்கள், சராசரி 91.23. அந்தச் சராசரியைத் தாண்டுவதற்கு 1930இல் பிராட்மேன் வர வேண்டியிருந்தது.

முரளி சித்தப்பா: மூன்று நிமிடம், அண்ணா.

பெரியப்பா: இன்னும் முக்கியமானதையே சொல்லவில்லை. ஜூலையில் டான்டனில், மறுபடியும் அதே சாமர்செட்டுக்கு எதிராக, அவர் 304 எடுத்தார். எதிர்முனையில் நின்றவர் கேப்டன் வைனியார்ட், அவரும் படை அதிகாரிதான், அவர் 225. ஆறாவது விக்கெட்டுக்கு இருவரும் சேர்த்தது 411. கவுன்டி அணிகள் மோதும் கவுன்டி சாம்பியன்ஷிப்பில் அந்தச் சாதனை 123 ஆண்டுகள் நின்றது. 2022இல் கிளாமார்கனுக்காக சாம் நார்த்ஈஸ்டும் கிறிஸ் குக்கும் 461 சேர்த்து அதை முறியடித்தார்கள். நார்த்ஈஸ்ட் முன்பு ஹாம்ப்ஷயருக்கு ஆடியவர் என்பது வேறு கதை.

செந்தில்: பாவம் சாமர்செட்.

கமலா அத்தை: இவ்வளவு ஆட்டத்துக்கும் அந்த மேஜருக்கு விடுப்பு கொடுத்தது யார், அண்ணா?

பெரியப்பா: ரெஜிமென்ட்தான். அவர் ஊதியம் வாங்காமல் ஆடியவர், கமலா. கவுன்டிக்காக ஆடிய தொழில்முறை வீரர்களுக்குச் சம்பளம் உண்டு. இவரைப் போன்ற அதிகாரிகள் விடுப்பில் வந்து ஆடிவிட்டுத் திரும்புவார்கள். அந்த வருடம் ஒரே இரு வாரத்தில் ரெஜிமென்டுகளுக்கு இடையிலான போலோவில் வென்ற அணியிலும் இருந்தார், இராணுவப் போட்டியில் சிறந்த ஆயுத வீரராகவும் வந்தார், அந்த மூன்று சதங்களையும் அடித்தார். ஒரு நல்ல ஆட்டக்காரன் இருந்தால் கட்டளை அதிகாரிக்கே பெருமை. விடுப்பு தானாக வரும்.

கமலா அத்தை: எனக்குத் தெரியும். என் கல்யாணத்துக்கு விடுப்பு கிடைக்கவில்லை என்று தந்தி கொடுத்தவர், அதே மாதத்தில் ரெஜிமென்ட் கோப்பையைக் கையில் பிடித்துக்கொண்டு, சட்டைக் காலரைத் தூக்கிவிட்டு நிற்கும் படம் நம் வீட்டுக் கூடத்தில் வெகுகாலம் தொங்கியது.

பெரியப்பா: அது ஆணை.

கமலா அத்தை: ஆணையோ, ஆசையோ.

முரளி சித்தப்பா: அந்தப் படம் பாகப்பிரிவினைக்குப் பிறகு என் வீட்டில் இல்லை என்பதைத் தெரிவித்துக்கொள்கிறேன். கேட்பதற்கு முன்பே சொல்லிவிடுகிறேன்.

கவிதா: அத்தை, சித்தப்பா, நாளைக்குள் நிலா எழுதி முடிக்க வேண்டும். இவர் இந்தியாவிலும், நான் தேடிப் பார்த்ததில் தென்னாப்பிரிக்காவிலும் இருந்தவர் என்றால், ஹாம்ப்ஷயர்காரர் என்று ஆசிரியை ஏற்பாரா?

பெரியப்பா: 1938இல் அவர் இறந்தது போர்ன்மத் பாஸ்கம்பில், அன்று அது ஹாம்ப்ஷயர். தென்னாப்பிரிக்கா என்றதும் நினைவுக்கு வருகிறது: 1896இல் அங்கே பணியில் இருந்தபோது, பிரிட்டிஷ் அதிகாரியான அவர் தென்னாப்பிரிக்காவுக்காக இங்கிலாந்துக்கு எதிராகவே மூன்று டெஸ்ட் ஆடினார். அவற்றில் சொல்லிக்கொள்ளும்படி எதுவும் அடிக்கவில்லை. போர்ட் எலிசபெத்தில் இங்கிலாந்துப் பந்துவீச்சாளர் லோமன் 7 ஓட்டங்கள் கொடுத்து 8 விக்கெட் எடுத்து தென்னாப்பிரிக்க அணியை 30க்குச் சுருட்டினார். ஆனால் நிலா கட்டாயம் சொல்ல வேண்டியது, 1899 அக்டோபரில் போயர் போர், அதாவது தென்னாப்பிரிக்காவில் குடியேறிய டச்சு வம்சாவளியினரான போயர்களோடு பிரிட்டனின் போர், தொடங்கியதும் நடந்தது. பூரைப் போர் கொண்டுபோனது. 1900இல் ஹாம்ப்ஷயர் ஓர் ஆட்டத்தில்கூட வெல்லாமல் கடைசி இடத்துக்குப் போயிற்று. சம்பளமில்லாத அதிகாரிகளை நம்பி நின்ற அணியின் நிலைமை அதுதான்.

செந்தில்: நான் கொஞ்சம் தேடிப் பார்த்தேன், பெரியப்பா. அந்தப் போரில் அவர் பிரிட்டிஷ் தளபதி கிட்சனருடைய படைக்கு இராணுவக் காவல் தலைவராக இருந்திருக்கிறார். போயர் கைதிகளைக் கொன்றதாக மோரன்ட், ஹேண்ட்காக் என்ற இரண்டு பிரிட்டிஷ் படை அதிகாரிகளை 1902 பிப்ரவரி 27 அன்று பிரிட்டோரியாவில் சுட்டார்களே, அந்த விவகாரத்தில் இவருடைய நாட்குறிப்பு அடிபடுகிறது. அதை நீங்கள் சொல்லவில்லையே?

பெரியப்பா: சொல்ல வந்தேன். பிரிட்டிஷ் காக்கி அணிந்து பிடிபடும் போயர்களை அந்த இடத்திலேயே விசாரித்துத் தீர்ப்பளிக்கலாம் என்று கிட்சனர் ஆணையிட்டதை அவர் குறித்து வைத்திருக்கிறார். மோரன்ட் பக்கம் பேசுகிறவர்கள் அந்த வரியைத்தான் இன்றும் எடுத்துக் காட்டுகிறார்கள்.

கவிதா: பத்து வயதுப் பிள்ளை வகுப்பில் துப்பாக்கிச் சூட்டைப் பற்றிப் பேசுவதா? வேண்டாம், பெரியப்பா. 304ஓடு நிறுத்திக்கொள்ளலாம்.

முரளி சித்தப்பா: எனக்கும் அதுவே சரியென்று படுகிறது.

பெரியப்பா: எனக்குப் படவில்லை. முப்பது வருடம் சீருடையில் இருந்தவன் சொல்கிறேன்: மட்டையை மட்டும் காட்டிவிட்டு மற்றதை மறைத்தால், மேஜர் என்ற பட்டம் வெறும் அலங்காரமாகிவிடும். ஒரு வாக்கியம் போதும். போரில் கைதிகளையும் தண்டனைகளையும் பற்றிய கடினமான வேலை அவரிடம் இருந்தது என்று சொன்னால், கேட்கிற பிள்ளை கேட்கும்.

கமலா அத்தை: இந்த ஒரு விஷயத்தில் நான் அண்ணன் பக்கம்.

செந்தில்: நம்ப முடியவில்லை, அத்தை.

கவிதா: நிலாவிடம் கேட்டுவிட்டுச் சொல்கிறேன். அவள் இப்போது 411ஐ அட்டையில் வண்ணப் பேனாவால் எழுதிக்கொண்டிருக்கிறாள். அட்டையில் வேறு எதற்கும் இடமிருக்குமா என்று தெரியவில்லை.

பெரியப்பா: வைனியார்டுக்கு ஒரு மூலை ஒதுக்கச் சொல். அவர் நம் சகாரன்பூரில் பிறந்தவர். 1881இல் ஓல்ட் கார்த்தூசியன்ஸ் அணியில் கால்பந்தாட்ட எஃப்.ஏ. கோப்பையையும் வென்றவர், பர்மாவில் போரிட்டு

முரளி சித்தப்பா: அண்ணா.

பெரியப்பா: மீதியைக் கவிதாவுக்குத் தனியாக அனுப்புகிறேன்.