திருகோணமலை அன்புவழிபுரம் பக்கம் நல்ல மரக்கறிக்கு என்ன வழி?

பின்வளவு:
எங்கள் ஒழுங்கைகளில் கடைகளுக்குக் குறைவில்லை. ஆனால் நூடில்ஸ், பிஸ்கட், சோடா, மூலையில் வாடிய வெண்டிக்காய், அவ்வளவுதான். டவுன் மார்க்கெட்டுக்குப் போனால் ஓட்டோக் காசிலேயே இன்னொரு கறி வைக்கலாம். நாள்கூலி வீடுகளில் சோறும் சூடைமீன் குழம்பும் எப்படியோ நடக்கிறது, கீரைதான் அபூர்வம். வெறுங்காணி ஒன்றில் பொதுத்தோட்டம் போடலாம் என்று மாதர் சங்கத்தில் பேச்சு. யாராவது செய்து பார்த்திருக்கிறீர்களா?

உவர்மலை மாமி:
முதலில் வேலியைப் பாருங்கள் பிள்ளை. டவுன் மான்கள் என் பொன்னாங்காணியைத் தண்டோடு மேய்ந்துவிட்டுத்தான் போயின. உங்கள் பக்கம் மான் வராவிட்டால் மாடு வரும். 2022 நெருக்கடியில் அரசாங்க உத்தியோகத்தருக்கு வெள்ளிக்கிழமை லீவு கொடுத்து வீட்டுத்தோட்டம் போடச் சொன்னார்களே, அந்தத் தோட்டங்களில் இப்போது எத்தனை மிச்சம்? மாரியில் எல்லாரும் வருவார்கள், கச்சான் காற்று தொடங்கி மணல் கொதிக்கும்போது வாளி தூக்க யார் வருவது?

கணக்கு:
உலக சுகாதார நிறுவனம் ஆளுக்கு நாளைக்கு 400 கிராம் பழமும் மரக்கறியும் என்கிறது, அப்படியென்றால் ஐந்து பேர் வீட்டுக்கு 2 கிலோ. ஒரு வெறுங்காணி எத்தனை வீட்டுக்குக் காணும்? முருங்கையும் வல்லாரையும் அவரவர் கிணற்றடியில் நிற்கட்டும்.

லொறிக்காரன்:
நான் தம்புள்ளை மொத்தச் சந்தையில் இருந்து மரக்கறி ஏற்றுகிறவன். மூட்டையில் திணித்துக் கட்டி, மேலே இன்னொரு மூட்டை போட்டு வருவதால் இறக்கும்போது அடிமூட்டைத் தக்காளி பாதி சாறு, அந்த நட்டமும் சேர்த்துத்தான் விலை. நிலாவெளி, குச்சவெளித் தோட்டக்காரரிடம் வாரம் ஒருக்கால் நேரே எடுங்கள். ஆனால் சங்கம் தனியாக விற்க வேண்டாம், ஒழுங்கைக் கடைக்காரரிடமே கொடுங்கள். அவரிடம்தான் கடன் கொப்பி இருக்கிறது. நாள்கூலி வீடு முன்பணத்துக்கு எங்கே போகும்?

பின்வளவு:
சரி அண்ணா, மிஞ்சி அழுகினால்? அந்தப் பயத்தில்தான் கடைக்காரர் எடுப்பதே இல்லை.

லொறிக்காரன்:
முதல் மாதம் நட்டத்தில் பாதி சங்கத்துடையது என்று பேசிவிட்டு இறக்குங்கள். பூசணி, வெங்காயம், வாழைக்காய் என்று தாங்குகிற சாமானாகத் தொடங்கலாம். கீரை மட்டும் முதல்நாளே பேர் கொடுத்தவர்களுக்கு.

உவர்மலை மாமி:
கிளினிக் நாளுக்கு முதல்நாள் இறக்கினால் நல்லது. திரிபோஷ சத்துமா எடுக்க வருகிற தாய்மார் போகிற வழியில் வாங்குவார்கள், குடும்பநல மாதுவிடம் ஒரு சொல் சொல்லி வையுங்கள்.