இத்தாலியின்ர பலெர்மோ நகரத்தில இருக்கிற பார்பெரா உதைபந்தாட்ட ஸ்ரேடியத்தில உங்களுக்கு மறக்கேலாத நிமிசம் எது?

பல்லாரோ பெடியன்:
2022 மார்ச் 24, இத்தாலி–வட மசிடோனியா, உலகக்கிண்ணத் தகுதி மட்ச். கதை எல்லாருக்கும் தெரியும். 92ஆவது நிமிசம் வட மசிடோனியாவின்ர ட்ராய்கோவ்ஸ்கி தூரத்தில நிண்டு அடிச்சவன், பந்து மூலைக்குள்ள. ஸ்ரேடியம் முழுக்க வாயடைச்சுப் போச்சு. பக்கத்தில ஒரு கிழவர், இத்தாலி மட்சுக்கும் பலெர்மோக் கழகத்தின்ர ரோஸ்-கறுப்புச் சால்வையோட வந்தவர். கொறிச்சுக்கொண்டிருந்த பூசணி விதையின்ர கோதை உள்ளங்கையில துப்பிப்போட்டு, மெல்ல "நோஸ்த்ரோ" எண்டார். எங்கட ஆளாம். 2015இலயிருந்து 2019 வரைக்கும் ரோஸ் உடுப்போட ஓடினவன்தானே! எனக்குச் சிரிப்பு வந்திட்டுது. முன்னால இருந்தவன் திரும்பிப் பார்த்தான். கிழவரை இல்லை, என்னை. அந்தப் பார்வை இன்னும் மனசில நிக்குது.

மலையேறி:
நான் உள்ளுக்க போனதே இல்லை. ஒரு ஞாயிறு, அம்மாவின்ர நேர்த்திக்கு மலையில இருக்கிற சாந்த ரொசாலியா மாதா கோயிலுக்கு வெறுங்காலோட ஏறிக்கொண்டிருந்தம். வளைவில அம்மா குந்தியிருந்து காலில முள்ளுப் பிடுங்கேக்க, கீழ பார்பெராவிலயிருந்து ஒரு இரைச்சல் எழும்பிச்சுது. "என்ன பிள்ளை, நல்லூர்த் தேர் வெளிக்கிட்ட மாதிரிக் கிடக்கு" எண்டா. ஆர் அடிச்ச கோலோ, இண்டைக்கும் தெரியாது.

ரோசநேரோ:
பல்லாரோ, இத்தாலி மட்சைக் கொண்டுவந்து இதுக்குள்ள கலக்காதையும். அண்டைக்கு வந்த சனத்தில பாதி எங்கட ஆக்களே இல்லை. 2019இல கழகம் முறிஞ்சு நாலாம் பிரிவில தொடங்கேக்க வந்து நிண்டவைதான் ஆக்கள். 2022 ஜூன் 12, பாதோவாவோட, எங்கட புருனோரியின்ர பெனால்ரி, செரி பிக்கு, அதாவது ரெண்டாம் பிரிவுக்கு ஏறினம். கூர்வா நோர்த்தில, கோலுக்குப் பின்னால ரசிகர் நிக்கிற பக்கத்தில, முன்பின் தெரியாத ஒருத்தன் என்ர தலையைப் பிடிச்சுக் கொஞ்சினவன். அதுதான் பார்பெரா. நீர் சிரிச்சதும் பிழை.

பழைய அண்ணை:
நான் ஒருக்காத்தான் போனனான். ரிக்கற் தம்பியின்ர பேரில இருந்ததால வாசலிலயே திருப்பி விட்டிட்டாங்கள். அதால இளம் பெடியளுக்குச் சொல்லுறன்: ரிக்கற்றில இருக்கிற பேரும் அடையாள அட்டையில இருக்கிற பேரும் ஒண்டாய் இருக்கவேணும். எங்கட நீட்டுப் பேருகளை எழுத்தெழுத்தாய்ப் பாருங்கோ, தகப்பன் பேர் எது, சொந்தப் பேர் எது எண்டு அவங்களுக்கு விளங்காது. தண்ணிப் போத்தலின்ர மூடியைக் கழட்டி வாங்கிப்போடுவாங்கள், அதுக்குச் சண்டை பிடிக்காதேங்கோ. ஸ்ரேடியம் கொமூனேயின்ர, அதாவது நகரசபையின்ர; ரிக்கற் விக்கிறது கழகம். கொமூனே கந்தோரில போய் லைனில நிண்டு ரிக்கற் கேட்ட ஆளையும் எனக்குத் தெரியும். பிள்ளையளைக் கூட்டிக்கொண்டு போனால் கூர்வாவுக்குள்ள போகாதேங்கோ, அங்க முழு நேரமும் எழும்பித்தான் நிக்கவேணும். மட்ச் முடிஞ்ச உடன பஸ்ஸுக்கு ஓடாதேங்கோ, அரை மணித்தியாலம் நடந்தால் சோலி இல்லை.

பல்லாரோ பெடியன்:
அண்ணை, நான் ரிக்கற் கேக்கேல்லையே.
ரோசநேரோ, சிரிச்சது பிழையெண்டு கிழவர் நினைக்கேல்ல. எழும்பிப் போகேக்க மிச்ச விதைப் பையை என்ர மடியில வைச்சிட்டுத்தான் போனவர்.