தனிமைக்கு ஒரு அமைச்சர் தேவையா?

மொட்டைமாடி:
2018-இல் பிரிட்டன் தனிமைக்கென்றே ஓர் அமைச்சரை நியமித்தது. 2021-இல் ஜப்பான். அடுத்து இங்கேயும் கேட்பார்கள் போல. எதிர்வீட்டுக்காரர் பெயர்கூடத் தெரியாமல் இருந்துவிட்டு, அதற்கு அரசாங்கம் ஆள் போட வேண்டுமாம்! போனைக் கீழே வைத்துவிட்டுக் கதவைத் திறந்தால் போதும்.

கயல்:
திறந்தால் யார் நிற்கிறார்கள் சார்? டெலிவரி தம்பிதான். ஓ.எம்.ஆர். பக்கம் ஒற்றை அறையில் இருக்கிறேன். சனி, ஞாயிறு முழுக்க வாயைத் திறந்து பேசுவது "ஓடிபி இதுதான்", "கேட்லயே வச்சிடுங்கண்ணா", அப்புறம் அம்மாவிடம் "சாப்பிட்டேன்மா". மேனேஜர் பெயருக்குக் கீழே 'டைப்பிங்' என்று வந்து, மெசேஜ் வராமலே நின்றுபோனால் அன்றைக்குத் தூக்கம் போச்சு. பெரிய வியாதி ஒன்றும் இல்லை. ஆனால் நெஞ்சில் ஒரு படபடப்பு, நாள் முழுக்க.

மொட்டைமாடி:
அது வேலை டென்ஷன், கயல். நாங்களெல்லாம் திருவல்லிக்கேணி மேன்ஷனில் ஓர் அறைக்கு நாலு பேர். தனிமை என்று யாரும் புலம்பியதில்லை.

கயல்:
உங்களுக்கு மெஸ் இருந்தது சார். பசித்தால் இறங்கிப் போய் யார் பக்கத்திலாவது உட்கார்ந்தே ஆக வேண்டும். எங்களுக்குச் சோறு பையில் வருகிறது. இதில் எங்கள் குணம் என்ன செய்யும்?

தென்னந்தோப்பு:
இளசுகளை விடுங்கள். ஜப்பானில் 2024-இல் மட்டும் தனியாக வாழ்ந்து வீட்டிலேயே இறந்துபோனவர்கள் 76,000-க்கும் மேல் என்கிறது போலீஸ் கணக்கு. நாலில் மூன்று பேர் 65 வயதைத் தாண்டியவர்கள். கதவைத் திற என்று அவர்களிடம் சொல்வீர்களா? நெதர்லாந்தில் யும்போ சூப்பர்மார்க்கெட் 2019-இல் அவசரமில்லாதவர்களுக்கென்று தனி கவுண்டர் வைத்தது. பில் போடுபவர் நின்று நிதானமாகப் பேசுவார்.

மொட்டைமாடி:
நம்ம அண்ணாச்சி கடையில் இல்லாததா?

தென்னந்தோப்பு:
அண்ணாச்சியும் இப்போது வாட்ஸப்பில்தான் ஆர்டர் எடுக்கிறார். கயல், ராத்திரி படபடப்பு தாங்கவில்லை என்றால் 14416-க்கு அடி; டெலி மானஸ், அரசின் மனநல உதவி எண். கட்டணம் கிடையாது, எந்த நேரமும் எடுப்பார்கள், தமிழிலேயே பேசலாம்.

மொட்டைமாடி:
போனில் பேசுவார்கள், சரி. மறுநாள் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட ஆள் வேண்டுமே, அதை எந்த அரசு தரும்?

கயல்:
2013-இல் அம்மா உணவகம் திறந்தது அரசுதானே சார்? நின்றுகொண்டே சாப்பிட்டுவிட்டுக் கிளம்ப வேண்டியிருக்கிறது. முதலில் நாலு பெஞ்சு போடச் சொல்லுங்கள்.