தை முடியப் போகிறது, காகிதப்பூச் செடியில் ஒரு பூ கூட இல்லை

பாளை வாசல்தோட்டம்:
வணக்கம். மதிலோரம் 2 வருடம் முன்பு வைத்த காகிதப்பூச் செடி இப்போது ஆள் உயரத்தைத் தாண்டிவிட்டது. இலையெல்லாம் கரும்பச்சை. பூ மட்டும் இல்லை. எதிர்வீட்டில் அதே ரகம், கவனிக்க ஆளில்லாமலே மதில் முழுக்கப் பூத்துக் கிடக்கிறது. நான் தினமும் ஒரு வாளி தண்ணீர் ஊற்றுகிறேன், மாதம் ஒரு கைப்பிடி யூரியாவும் போடுகிறேன். அம்மா ஆசைப்பட்டு வாங்கிய செடி. பங்குனிக் கடைசியில் வீட்டில் விசேஷம். அதற்குள் பூக்குமா?

சேரன்மகாதேவி அக்கா:
தம்பி, வெயில் எத்தனை மணி நேரம் விழுகிறது? வேறு தண்ணீர் ஏதும் அந்தப் பக்கம் போகிறதா?

பாளை வாசல்தோட்டம்:
காலை 10 மணியிலிருந்து சாயங்காலம் வரை நல்ல வெயில் அக்கா. துணி துவைக்கிற தண்ணீரும் அங்கேதான் போகிறது.

மாடித்தோட்டம் வள்ளியூர்:
டிஏபி உரம் ஊறவைத்து ஊற்றிப் பாருங்கள். என் செம்பருத்திக்கு நன்றாகக் கேட்டது.

சேரன்மகாதேவி அக்கா:
வேண்டாம் தம்பி, டிஏபியிலும் தழைச்சத்து (நைட்ரஜன்) இருக்கிறது. இப்போது எந்த உரமும் போட வேண்டாம். யூரியாவில் 46 சதவீதம் தழைச்சத்துதான். தண்ணீரும் தழைச்சத்தும் தாராளமாகக் கிடைத்தால் இந்தச் செடி இலையும் கொப்புமாகவே வளரும். இதன் பூர்வீகம் தென் அமெரிக்கா, வறட்சி தாங்கும் ஜாதி. நம் பக்கம் ஐப்பசி, கார்த்திகை மழையில் தழைத்து, மழை விட்டு மண் காய்ந்த பிறகுதான் நிறம் காட்டும். உங்கள் செடிக்கு மழை நிற்கவே இல்லை, அதுதான் விஷயம். எதிர்வீட்டுச் செடி காய்ந்து கிடப்பதால்தான் பூக்கிறது.

முதலில் துவைக்கிற தண்ணீரை வேறு பக்கம் திருப்புங்கள். வாளித் தண்ணீரை நிறுத்துங்கள். இலை மத்தியானம் வாடி, சாயங்காலமும் நிமிராமல் இருந்தால் மட்டும் ஒரு தடவை வேர் நனைய ஊற்றி, மறுபடி காயவிடுங்கள். சாட்டை மாதிரி நீண்ட கொப்புகளின் நுனியை மட்டும் ஒரு சாண் வெட்டுங்கள். புதுத் தளிரில்தான் பூ வரும். அடியோடு வெட்டினால் பங்குனிக்குள் பூ பார்ப்பது கஷ்டம், அந்த வேலையை விசேஷம் முடிந்து வைத்துக்கொள்ளுங்கள். முள் பொல்லாதது, கையுறை போடாமல் தொடாதீர்கள்.

மாடித்தோட்டம் வள்ளியூர்:
சரி அக்கா, எனக்கும் இது புதுத் தகவல்.

பாளை வாசல்தோட்டம் (3 வாரம் கழித்து):
அக்கா, பாதி இலை மஞ்சளாகிக் கொட்டிவிட்டது. பயமாக இருக்கிறது. அம்மா தண்ணீர் ஊற்றச் சொல்கிறார்கள்.

சேரன்மகாதேவி அக்கா:
கொப்பை நகத்தால் லேசாகச் சுரண்டிப் பாருங்கள். உள்ளே பச்சையாக இருந்தால் உயிர் இருக்கிறது. இலை உதிர்வது இந்தச் செடிக்குச் சகஜம்தான். இன்று ஒரு வாளி ஊற்றுங்கள், போதும்.

பாளை வாசல்தோட்டம் (பங்குனி 8):
பச்சை இருந்தது அக்கா. இன்று தளிர் நுனியில் சின்னச் சின்ன இலையாகச் சிவந்திருக்கிறது. இதுதான் பூவா?

சேரன்மகாதேவி அக்கா:
ஆமாம் தம்பி! நாம் பூ என்று சொல்வதே அந்தச் சிவப்பு இலையைத்தான். விரிந்ததும் நடுவில் பாருங்கள், குழல் மாதிரி வெள்ளையாக மூன்று இருக்கும், அதுதான் நிஜப் பூ. அம்மாவிடமும் காட்டுங்கள். இனி ரொம்பக் காயவிட்டால் மொட்டு உதிரும். 4 நாளுக்கு ஒரு வாளி ஊற்றுங்கள். யூரியா மூட்டையைத் திறக்கவே வேண்டாம்.