புதுப்பிப்பு: தங்கை தேர்வு எழுதிவிட்டாள், வழக்கு முடியவில்லை

படிப்பில் காலியாக இருந்த இடத்தில் தாமதமாகச் சேர்க்கப்பட்ட என் தங்கைக்கு, 75 சதவீத வருகை இல்லை என்று பருவத்தேர்வை மறுத்ததைப் பற்றி எழுதியிருந்தேன். சேர்ந்த நாளிலிருந்து அவள் ஒரு வகுப்பைக்கூட விட்டதில்லை.

உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின் கீழ் ரிட் மனு (உரிமையைக் காக்க நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட்டோம். தேர்வுக்கு முந்தைய நாள் மாலை, அவளை எழுத விடச் சொல்லி இடைக்கால உத்தரவு வந்தது. ஹால் டிக்கெட்டில் அவள் புகைப்படத்துக்கு மேலே, சிவப்பு மையில் ‘நீதிமன்ற உத்தரவுக்கு உட்பட்டு’ என்று எழுதியிருந்தார்கள். அதைப் பார்த்ததும் அம்மா அழுதுவிட்டார்.

சரி, எழுதிவிட்டாள். ஆனால் வழக்கு முடியும்வரை தேர்வு முடிவை வெளியிட மாட்டார்கள். “எழுத விட்டாலே ஜெயித்த மாதிரிதான்” என்று சிலர் ஆறுதல் சொன்னீர்கள். அப்படி நம்பி இருந்துவிட முடியாது. குருக்ஷேத்ரா பல்கலைக்கழக வழக்கில் 1975-இல் உச்ச நீதிமன்றம், தேர்வெழுத விட்டபின் வருகைக் குறைவைக் காட்டி ரத்து செய்யக் கூடாது என்றது உண்மைதான். அங்கே முதலில் பல்கலைக்கழகமே எழுத விட்டது. இங்கே கோர்ட் சொன்னதால் விட்டார்கள். இடைக்கால உத்தரவு மட்டுமே உரிமையாகிவிடாது.

எங்கள் வாதம் ஒன்றுதான்: வருகையைச் சேர்க்கை தேதியிலிருந்து கணக்கிட வேண்டும். அடுத்த விசாரணைக்குச் சேர்க்கைக் கடிதத்தையும் கட்டண ரசீதையும் எடுத்து வைத்திருக்கிறோம். இரண்டிலும் தேதி தெளிவாக இருக்கிறது.