ஓரகத்தி பிள்ளையை எடுப்பதா, வரிசையில் காத்திருப்பதா?

தறிநாடா:
எனக்கு 40, அவருக்கு 47. தத்தெடுக்க, மத்திய அரசின் தத்தெடுப்பு ஆணையமான காராவில் பதிந்து இரண்டரை வருடம் ஆகப்போகிறது. பதியும்போது எங்கள் இருவர் வயதையும் கூட்டினால் 83. இரண்டு வயதுக்குட்பட்ட குழந்தை வேண்டுமென்றால் கூட்டுத்தொகை 85ஐத் தாண்டக் கூடாது என்பதால் அவசர அவசரமாகப் பதிந்தோம். வீட்டைப் பார்க்க வந்தார்கள், சம்பளச் சீட்டு, மருத்துவச் சான்று எல்லாம் பார்த்தார்கள், போனார்கள். இப்போது தினமும் காலையில் அடுப்பில் பாலை வைத்துவிட்டு வரிசை எண்ணைப் பார்க்கிறேன். இரண்டு முறை பால் பொங்கி வழிந்ததுதான் மிச்சம்.

என் ஓரகத்தி மூன்றாவதாக உண்டாகியிருக்கிறாள், ஏழு மாதம். முதல் இரண்டும் பெண். "பொறந்ததும் உன் மடியில போட்டுடறேன், எதுக்கு வெளியில அலையறே" என்கிறார் மாமியார். என் வீட்டுக்காரருக்கும் ஆசைதான். எனக்கு மட்டும் ஏதோ இடிக்கிறது. அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்.

பத்திரக்காரர்:
இடிக்க என்னம்மா இருக்கிறது? சார்பதிவாளர் அலுவலகத்துக்கு எதிரே 26 வருடமாக உட்கார்ந்திருக்கிறேன். நான் சுவீகாரப் பத்திரம் எழுதிக் கொடுத்த பிள்ளைகளின் கல்யாணப் பத்திரிகை இப்போது எனக்கு வருகிறது. இந்து தத்தெடுப்பு மற்றும் பராமரிப்புச் சட்டம், 1956. கொடுக்கிற தாய் தகப்பன் சம்மதம், வாங்குகிற கணவன் மனைவி சம்மதம், பிள்ளைக்கு 15 வயது நிரம்பியிருக்கக் கூடாது, கையில் தூக்கிக் கொடுத்து வாங்க வேண்டும். ஹோமம்கூடக் கட்டாயமில்லை. பதிவான பத்திரம் இருந்தால், பொய் என்று யாராவது நிரூபிக்கும்வரை நீதிமன்றம் அதை மெய் என்றே கொள்ளும். அது 16ஆம் பிரிவு. வரிசையும் இல்லை, எண்ணும் இல்லை. ரத்த சம்பந்தம் வேறு. முகஜாடைகூட உங்கள் வீட்டுக்காரரைப் போலவே அமையும்.

தொட்டில்:
ஐயா சொன்ன சட்டம் சரி. முந்தின பிரிவை விட்டுவிட்டார். 15ஆம் பிரிவு: முறையாக நடந்த தத்தை ரத்து செய்ய முடியாது. கொடுத்தால் கொடுத்ததுதான்.

சேலம் பக்கம் ஒரு தத்து மையத்தில் 11 வருடம் சமூகப் பணியாளராக இருந்தேன். எங்களிடம் ஒரு தாய் குழந்தையை ஒப்படைத்துக் கையெழுத்துப் போட்டாலும், மனம் மாறினால் திரும்பப் பெற 60 நாள் உண்டு. அதுவரை அந்தக் குழந்தையை யாருக்கும் காட்டக்கூட மாட்டோம். ஒருமுறை 52வது நாள் ஒரு பெண் வந்தாள். பஸ் டிக்கெட்டை விரலில் சுருட்டிக்கொண்டு, செருப்பைக் கழற்றாமல் வாசலிலேயே நின்றாள். "சும்மா பாத்துட்டுப் போலாம்னு வந்தேன்" என்றாள். அந்த வாரமே குழந்தைகள் நலக் குழு முன் எழுதிக்கொடுத்துவிட்டுக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள்.

உங்கள் ஓரகத்திக்கு அந்த 60 நாள் எங்கே? பிறப்பதற்கு முன்பே மாமியார் மடி பார்த்துவிட்டாரே. அப்புறம், இவ்வளவு எழுதினீர்கள், ஓரகத்தி என்ன சொல்கிறார் என்று ஒரு வரிகூட இல்லை.

மலைக்கோட்டை_72:
52ஆம் நாள் கதை கேட்க நன்றாக இருக்கிறது மேடம். கணக்குக்கு வாங்க. 2024-25இல் இந்தியா முழுக்கத் தத்துப் போனவை 4,515 குழந்தைகள். உள்நாட்டில் 4,155, மிச்சம் வெளிநாட்டுக்கு. 140 கோடிப் பேர் உள்ள நாட்டில் இதைச் சாதனை என்று வேறு அறிவித்தார்கள். வரிசையில் நிற்பவர்களோ பல்லாயிரம். என் மச்சினிச்சி நான்கு வருடம் நின்றாள்; பிள்ளை வருவதற்குள் சர்க்கரை வந்துவிட்டது. ஊரில் உள்ள இல்லங்களில் எல்லாம் குழந்தைகள் நிறைந்திருக்கிறார்கள், இந்தப் பக்கம் பெற்றோர் ஏங்குகிறார்கள், நடுவில் நீங்கள் கோப்பு நகர்த்துகிறீர்கள். வீட்டுக்குள்ளேயே ஒரு வழி இருக்கும்போது அதையும் ஏன் அடைக்கிறீர்கள்?

கைராசி:
பத்திரம்கூட வேண்டாம் சகோ. பிரசவத்துக்குச் சேர்க்கும்போதே உங்கள் பெயரையும் ஆதாரையும் கொடுத்துவிடச் சொல்லுங்கள். பிறப்புச் சான்றிதழே உங்கள் பெயரில் வந்துவிடும். எங்கள் பக்கம் இப்படித்தான்.

பத்திரக்காரர்:
தம்பி, அதற்குப் பெயர் சுவீகாரம் இல்லை, மோசடி. ஏழு மாதமாக அந்தப் பொண்ணு பெயரில் பிக்மி எண், அதாவது அரசின் கர்ப்பப் பதிவு எண், ஓடிக்கொண்டிருக்கும், தடுப்பூசி போட்ட செவிலியருக்கு முகம் தெரியும். 2019இல் ராசிபுரத்தில் ஓய்வுபெற்ற செவிலியர் ஒருவரின் பேச்சு வாட்ஸ்அப்பில் சுற்றியதே, மறந்துவிட்டதா? ஆணுக்கு ஒரு விலை, பெண்ணுக்கு ஒரு விலை, நிறத்துக்கு ஒரு விலை, சான்றிதழுக்குத் தனி விலை. சிபிசிஐடி வரை போன வழக்கு. நான் சொன்னது பட்டப்பகலில் செய்கிற காரியம். இரண்டையும் ஒரே கூடையில் போடாதே.

தொட்டில்:
இதில் ஐயாவும் நானும் ஒரே கட்சி.

மலைக்கோட்டையாருக்கு: இல்லங்கள் நிறைந்திருப்பது உண்மை. ஆனால் அங்கே இருப்பதாலேயே ஒரு குழந்தை தத்துக்கு வந்துவிடாது. பெரும்பாலானவர்களுக்கு யாரோ இருக்கிறார்கள். அப்பா செத்து அம்மா பனியன் கம்பெனிக்குப் போனவர்கள், குடிகாரத் தகப்பனிடமிருந்து மீட்கப்பட்டவர்கள். நான் பார்த்த ஒரு பையனுக்கு ஏழு வயது. தாய்மாமன் பொங்கலுக்குப் பொங்கல் ஒரு கரும்புத் துண்டோடு வந்து பதிவேட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போவார். கூட்டிப் போகவும் மாட்டார், விட்டுக்கொடுக்கவும் மாட்டார். அந்தக் கையெழுத்து இருக்கும்வரை அவனை ஆதரவற்றவன் என்று நலக் குழு எப்படி அறிவிக்கும்? யாருமே தேடி வராத குழந்தையைத்தான் சட்டப்படி தத்துக்கு உரியவராக அறிவிப்பார்கள். இரண்டு வயது வரை என்றால் இரண்டு மாதத்துக்குள், அதற்கு மேல் நான்கு மாதத்துக்குள்.

தாமதமே இல்லை என்று நான் சொல்லவில்லை. காவல் நிலையத்தில் ஒரு அறிக்கைக்காக நானே ஐந்து முறை நடந்திருக்கிறேன். அபத்தங்களும் உண்டு. 2017இல் மகப்பேறு சட்டத்தைத் திருத்தியபோது தத்தெடுக்கும் தாய்க்கு 12 வாரம் விடுப்பு தந்தார்கள், ஆனால் குழந்தை மூன்று மாதத்துக்குள் இருக்க வேண்டும் என்று அப்போது நிபந்தனை போட்டார்கள். அறிவிப்பு, ஒதுக்கீடு எல்லாம் முடிந்து மூன்று மாதத்துக்குள் எந்தக் குழந்தை கைக்கு வரும்? எழுதியவர்கள் ஒரு நாள் எங்கள் மையத்தில் உட்கார்ந்திருக்கலாம்.

ஆனாலும் ஒன்று. நாங்கள் குழந்தைக்கு வீடு தேடுகிறோம். வீட்டுக்குக் குழந்தை தேடினால் அது வேறு வேலை.

மலைக்கோட்டை_72:
வசனம் நன்றாக இருக்கிறது. பொங்கல் மாமனின் ஒரு கையெழுத்துக்காக அந்தப் பையன் 18 வயதுவரை கூடத்தில் பாய் விரித்துப் படுப்பதுதான் அவனுக்கு வீடு தேடுவதா?

தொட்டில்:
இல்லை. அந்த இடத்தில் என்னிடம் பதில் இல்லை. தற்காலிகமாக ஒரு குடும்பத்தில் வைத்து வளர்க்கும் முறை சட்டத்தில் இருக்கிறது. முன்வரும் குடும்பங்கள்தான் குறைவு.

இரண்டாம்சாவி:
நான் சொந்தத்தில் தத்துப் போனவள். 34 வயது. பெற்றவர்கள் வீடு அதே தெருவில் நான்காவது வீடு. பெற்றவளை "சித்தி" என்று கூப்பிட்டு வளர்ந்தேன், 16 வயது வரை எனக்குத் தெரியாது. தெருவில் எல்லாருக்கும் தெரியும்.

எல்லார் வீட்டிலும் கேலியாகச் சொல்வார்களே, "உன்னைத் தவிட்டுக்கு வாங்கினோம்" என்று. என் வீட்டில் யாரும் அதைச் சொன்னதே இல்லை. பக்கத்து வீட்டுப் பாட்டி ஒருமுறை வாய் தவறிச் சொன்னபோது அம்மா சொம்பைக் கீழே வைத்துவிட்டு உள்ளே போனாள். அப்போதே எனக்குப் புரிந்திருக்க வேண்டும். புரியவில்லை. பிளஸ் ஒன் சேர்க்கைக்குச் சாதிச் சான்று தேடியபோது பழைய ரேஷன் கார்டின் உறைக்குள் மடித்து வைத்த ஒரு பெயர் நீக்கல் சான்று கிடைத்தது. சித்தப்பாவின் அட்டையிலிருந்து என் பெயரை நீக்கிய தாள். "மகள்" என்று போட்டிருந்தது.

எடுத்து வளர்த்ததில் எனக்கு ஒரு குறையும் இல்லை. அம்மாதான் எனக்கு அம்மா. ஆனால் சித்தப்பா இறந்தபோது எங்கே நிற்பது என்று தெரியாமல் பந்தலுக்கு வெளியே தண்ணீர் பாட்டில் கொடுத்துக்கொண்டிருந்தேன். கூடப் பிறந்தவர்கள் உள்ளே அழுதுகொண்டிருந்தார்கள். சட்டப்படி நான் அண்ணன் மகள். ஐயா எழுதுகிற பத்திரத்தில் இதற்கு ஒரு பத்தி இருக்கிறதா?

பத்திரக்காரர்:
இல்லை தாயி. சொத்து யாருக்கு என்பதற்கு இருக்கிறது, இதற்கு இல்லை. ஆனால் அது தத்தின் குற்றமா, மறைத்தவர்களின் குற்றமா?

இரண்டாம்சாவி:
மறைத்ததுதான். அதனால்தான் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. எடுப்பதென்றால் பேச ஆரம்பிக்கும் வயதிலிருந்தே சொல்லுங்கள் என்கிறேன்.

தறிநாடா:
எல்லாருக்கும் நன்றி. தொட்டில் அக்கா கேட்டதற்குப் பதில்: ஓரகத்தி ஒன்றும் சொல்லவில்லை. அவள் அதிகம் பேசுகிறவள் இல்லை. இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், முதலில் எழுதக் கூச்சமாக இருந்தது. பெண்ணாகப் பிறந்தால்தான் எனக்கு. ஆணாக இருந்தால் "அது அவளுக்கே இருக்கட்டும், பாவம்" என்று மாமியார் சொல்லியிருக்கிறார். எனக்குப் பெண்தான் பிடிக்கும் என்பதால் நான் அதைப் பெரிதாக எடுக்கவில்லை.

தொட்டில்:
இதைத்தான் முதல் வரியில் எழுதியிருக்க வேண்டும் நீங்கள். தொட்டில் குழந்தைத் திட்டம் 1992இல் எங்கள் சேலத்தில்தான் தொடங்கியது. ஏன் தொடங்கியது என்று இங்கே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. அன்று கள்ளிப்பால், அப்புறம் தொட்டில், இன்று உங்கள் மடி. வழி சாத்வீகமாகிவிட்டது, கணக்கு அதேதான். வேடிக்கை என்னவென்றால், ஆண்டுதோறும் தத்துப் போகிறவர்களில் பெண் குழந்தைகள்தான் அதிகம். வெளியாட்கள் ஆசையாகக் கேட்டு வாங்குகிறார்கள்.

அந்தப் பெண் நாளைக்கு, "நான் பையனாப் பொறந்திருந்தா என்னைக் குடுத்திருப்பாங்களா" என்று உங்களைக் கேட்டால்?

மலைக்கோட்டை_72:
மிகைப்படுத்துகிறீர்கள். இரண்டு பெண்ணை வைத்துத் திணறுகிற குடும்பம், வசதியான அண்ணன் வீட்டுக்கு ஒன்றைத் தருகிறது. மாமியார் பேச்சு மாமியார் பேச்சு. பிள்ளை நல்ல இடத்தில் வளர்ந்தால் போதாதா? எந்தக் காரணத்தால் வந்தது என்று தோண்டிக்கொண்டே இருந்தால் ஒரு பிள்ளையும் வளராது.

தொட்டில்:
வளரட்டும். பெற்றவள் வாயால் சரி என்று சொல்லட்டும், பிள்ளை பிறந்த பிறகு, மாமியார் பக்கத்தில் இல்லாதபோது. உறவுக்குள் எடுப்பதை இளைஞர் நீதிச் சட்டப்படியும் செய்யலாம். மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகில் விண்ணப்பம், பெற்றோர் சம்மதம், கடைசியில் ஆட்சியர் உத்தரவு. 2022 செப்டம்பரிலிருந்து இதற்கு நீதிமன்றம் போக வேண்டியதில்லை. உறவுக்குள் என்பதால் அந்த நீண்ட வரிசையும் கிடையாது.

தறிநாடா:
நேற்று மாமியார் கோயிலுக்குப் போயிருந்தார். ஓரகத்தி திண்ணையில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். பக்கத்தில் உட்கார்ந்து கேட்டேன். "அத்தை சொல்லிட்டாங்களேக்கா" என்றாள். "அத்தை சொன்னது இருக்கட்டும், நீ என்ன நெனைக்கிறே" என்றேன். ரொம்ப நேரம் பேசவில்லை. ஆய்ந்த கீரையையே திரும்ப ஆய்ந்துகொண்டிருந்தாள். அப்புறம், "பொண்ணா இருந்தா என்ன பேர் வெக்கணும்னு இவுங்க ரெண்டு பேரும் சண்டை போட்டுக்கறாங்க" என்று பிள்ளைகளைக் காட்டினாள். அவ்வளவுதான்.

பத்திரக்காரர்:
இந்தப் பத்திரத்துக்கு என்னிடம் வர வேண்டாம் அம்மா.

மலைக்கோட்டை_72:
ஒரு கீரைக்கட்டை வைத்து முடிவு செய்வீர்களா? பிரசவம் ஆகட்டும், செலவைப் பார்த்ததும் பேச்சு மாறும்.

தறிநாடா:
மாறலாம் அண்ணே. மாறினால் அவளே வந்து சொல்லட்டும். மாமியாரிடம் இன்று காலை பேசிவிட்டேன், இரண்டு நாள் என்னோடு பேச மாட்டார்.

தொட்டில் அக்கா, இன்னொரு சந்தேகம். இரண்டு வயதுக்குள் என்று போட்டதை நான்கு வயது வரை என்று மாற்றினால் இந்த இரண்டரை வருடம் வீணாகிவிடுமா? அவர் நேற்று ராத்திரி அவராகவேதான் கேட்டார்.

தொட்டில்:
நாளை காலை பத்து மணிக்கு மேல் உங்கள் மாவட்ட அலகுக்கு நேரிலேயே போய்க் கேளுங்கள், போனில் வேண்டாம். பதிவு எண்ணையும் வீட்டாய்வு அறிக்கை நகலையும் எடுத்துப் போங்கள். அவரையும் கூட்டிக்கொண்டு போங்கள்.