38,446-ஐப் பாக்காதே தம்பி

குழு: நம்ம குடும்பம்

செவ்வாய், இரவு 8:40

நான்: எல்லாருக்கும் ஒரு நல்ல சேதி. வீட்டு லோன் பாஸ் ஆயிடுச்சு. 50 லட்சம், வட்டி 8.5 சதவீதம், 30 வருஷம். மாசத் தவணை 38,446. வெள்ளிக்கிழமை கையெழுத்து.

அம்மா: ரொம்ப சந்தோஷம்பா. அப்பா இருந்திருந்தா எவ்வளவு பூரிச்சுப் போயிருப்பார்.

மாமா: அருமை மாப்ள. தவணையை 40 ஆயிரத்துக்குள்ள முடிச்சுட்டியே. வாடகை கொடுக்கிற மாதிரி நெனச்சுக் கட்டிட்டுப் போயிடு.

அண்ணி: வாழ்த்துகள் தம்பி. 20 வருஷத்துக்குப் போட்டா எவ்வளவு வருதுன்னு கேட்டீங்களா?

நான்: கேட்டேன் அண்ணி. 43,391 சொன்னாங்க. 30 எடுத்ததால மாசம் 4,945 மிச்சம்.

அக்கா: டேய், அதை மிச்சம்னு மட்டும் சொல்லாத. பிள்ளையத் தூங்க வச்சுட்டு வரேன். கையெழுத்துப் போடுறதுக்கு முன்னாடி இதை உன்கிட்ட பேசியே ஆகணும்.

இரவு 9:25

அக்கா: வந்துட்டேன். போன்ல கால்குலேட்டரத் திற. 50 லட்சத்துக்கு 8.5 சதவீதம்னா ஒரு வருஷ வட்டி என்ன?

நான்: 4,25,000.

அக்கா: 12-ஆல வகு.

நான்: 35,417.

அக்கா: அதுதான் உன் முதல் மாச வட்டி. 20 வருஷக் கடனா இருந்தாலும் 30 வருஷக் கடனா இருந்தாலும் இது மாறாது. இப்ப உன் 38,446-ல இருந்து இதைக் கழி.

நான்: 3,029.

அக்கா: முதல் மாசம் உன் கடன்ல குறையுறது அவ்வளவுதான். 20 வருஷத்துல போட்டிருந்தா 7,974 குறைஞ்சிருக்கும். ரெண்டுக்கும் வித்தியாசம் எவ்வளவு வருதுன்னு பாரு.

நான்: 4,945!

அக்கா: ஆமா. நீ மிச்சம் பிடிச்சேன்னு சொன்ன அதே 4,945. அது முழுக்க அசல்ல போக வேண்டிய காசுடா. வட்டியில நீ ஒத்தக் காசு மிச்சம் பிடிக்கல, அசலைத்தான் தள்ளிப் போட்டிருக்க. தள்ளிப் போட்ட அசலுக்கு மாசா மாசம் திரும்ப வட்டி ஓடும்.

நான்: அக்கா, இதை யாருமே எங்கிட்ட இப்படிச் சொல்லல.

அண்ணி: மொத்தத்தையும் போட்டுப் பாத்துட்டேன் தம்பி. 30 வருஷம் கட்டினா 1 கோடியே 38 லட்சத்து 40 ஆயிரம். அதுல வட்டி மட்டும் 88 லட்சத்து 40 ஆயிரம். 20 வருஷம்னா மொத்தம் 1 கோடியே 4 லட்சம், வட்டி 54 லட்சம். எக்ஸெல்ல பிஎம்டின்னு ஒரு ஃபார்முலா இருக்கு, மாச வட்டி வீதம், மொத்த மாசம், தொகை மூணும் கொடுத்தா தவணை வந்துடும். நீங்களும் ஒரு தடவை போட்டுப் பாருங்க.

அம்மா: 88 லட்சம் வட்டியா? ஒரு வீட்டுக்குக் கடன் வாங்கி ரெண்டரை வீட்டுக் காசு கட்டணுமா?

மாமா: பயப்படாத. இந்தக் கணக்குல ஒரு விஷயம் விட்டுப்போச்சு. 25 வருஷம் கழிச்சு 38 ஆயிரத்துக்கு இன்னிக்கு இருக்கிற மதிப்பு இருக்குமா? விலைவாசி ஏறும், சம்பளமும் ஏறும், தவணை அப்படியே நிக்கும். இன்னிக்கு மலையாத் தெரியறது அன்னிக்கு மடுவாயிடும். நான் அனுபவத்துல சொல்றேன்.

அண்ணி: மாமா சொல்றது சரிதான். கடைசி வருஷங்கள்ல கட்டுற காசையும் இன்னிக்குக் கட்டுற காசையும் ஒரே தராசுல போடக் கூடாது. அதனால 1 கோடியே 38 லட்சம்ங்கிற எண்ணை மட்டும் பாத்து மிரள வேண்டாம். ஆனா மாமா, இதுக்குப் பதில் சொல்லுங்க. தம்பிக்கு 5 வருஷத்துல வேற ஊருக்கு மாத்தல் வந்து வீட்டை விக்க வேண்டி வந்தா? 30 வருஷக் கணக்குல அதுக்குள்ள 23 லட்சம் கட்டியிருப்பார். கடன்ல குறைஞ்சிருக்கிறது 2 லட்சத்து 25 ஆயிரம்தான். பாக்கி 47 லட்சத்து 75 ஆயிரம் அப்படியே நிக்கும்.

மாமா: 23 லட்சம் கட்டி ரெண்டேகாலா?

அண்ணி: ஆமா மாமா. 20 வருஷக் கணக்கும் பெருசா வாழலை. 5 வருஷத்துல 26 லட்சம் கட்டினா குறையுறது 5 லட்சத்து 94 ஆயிரம். அசல்ல பாதி தீர 13 வருஷம் 10 மாசம் ஆகும். தவணையில அசல் பங்கு வட்டியத் தாண்டுறதே 12-வது வருஷக் கடைசியிலதான்.

பெரியப்பா: நான் கடன் கட்டின காலத்துல ஒரு கோடு போட்ட நோட்டு வச்சிருந்தேன். மூணு பத்தி. தவணை, வட்டி, அசல். ஒவ்வொரு மாசமும் கையால எழுதுவேன். முதல் ரெண்டு மூணு வருஷம் வட்டிப் பத்தியில எண் அசையவே அசையாது. பெரியம்மா பாத்துட்டு, எழுதினதையே திரும்ப எழுதுறீங்களான்னு கேட்டா. அன்னிக்குத்தான் எனக்கு உறைச்சுது. அந்த வருஷம் கைக்கு வந்த உபரியை எல்லாம் அசல்ல போட்டேன்.

நான்: பெரியப்பா, இடையில கட்டினா அவ்வளவு வித்தியாசம் வருமா?

பெரியப்பா: எப்ப கட்டுறேங்கிறதுலதான் இருக்கு எல்லாம். மருமகளே, அதையும் போட்டுச் சொல்லும்மா.

அண்ணி: 20 வருஷக் கடன்ல முதல் வருஷக் கடைசியில 1 லட்சம் கூடுதலாக் கட்டி, தவணைய மாத்தாம விட்டா, கடைசியில 11 தவணை குறையும். அதாவது 4 லட்சத்து 80 ஆயிரம் கட்ட வேண்டாம். அதே 1 லட்சத்தை 15-வது வருஷம் கட்டினா இதுல ஏறத்தாழ மூணுல ஒரு பங்குதான் வரும், ஏன்னா அது வட்டி சுமக்கிற காலம் போயிடுச்சு. வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாக் கட்டினாலே 20 வருஷக் கடன் 16 வருஷம் 8 மாசத்துல முடியும்.

மாமா: சரி, இப்ப நான் சொல்றதையும் கேளுங்க. 30 வருஷத்துக்கே எழுதட்டும். ஆனா மாசம் 43,391 கட்டட்டும். 20 வருஷத்துல தானா முடிஞ்சுடும். கஷ்டம் வந்த மாசம் 38-ஓட நிறுத்திக்கலாம். கயிறும் நம்ம கையில, மாடும் நம்ம கையில.

அக்கா: மாமா, நல்ல யோசனை. நானே ஒரு காலத்துல அப்படித்தான் நெனச்சேன். ஆனா கட்டாயம் இல்லாத காசு கையில தங்குமா? எனக்குத் தங்கல. ஒரு மாசம் ஸ்கூல் ஃபீஸ், ஒரு மாசம் வண்டி ரிப்பேர். வருஷம் முடிஞ்சு பாத்தா ரெண்டு தடவைதான் கூடுதலாக் கட்டியிருந்தேன்.

அக்கா: தம்பி, இன்னொண்ணு. உன் வட்டி மாறாத வட்டியா, மாறுற வட்டியா?

நான்: ப்ளோட்டிங். அதுதான் இப்ப கம்மின்னு சொன்னாங்க.

அக்கா: அப்ப என் கதையக் கேட்டுக்கோ. நானும் 20 வருஷம்னு தான் கையெழுத்துப் போட்டேன். நாலு வருஷம் முடிஞ்சப்ப வட்டி 1 சதவீதம் ஏறுச்சு. எனக்கு ஒரு குறுஞ்செய்தி வந்துச்சு, உங்கள் தவணையில் மாற்றம் இல்லைன்னு. அப்பாடான்னு இருந்துட்டேன். ஆறு வருஷம் முடிஞ்சதும் ஸ்டேட்மென்ட் எடுத்தேன். 14 வருஷம் பாக்கி இருக்கணும். 16 வருஷம் 8 மாசம்னு இருந்துச்சு. தவணையத் தொடாம வருஷத்தை நீட்டி விட்டுட்டாங்க. அந்தப் பேப்பரைக் கையில வச்சுக்கிட்டு ரொம்ப நேரம் உக்காந்திருந்தேன். ரெண்டு வருஷம் கட்டினதுக்கு அர்த்தமே இல்லாமப் போன மாதிரி இருந்துச்சு.

அம்மா: எங்கிட்ட சொல்லவே இல்லையே கண்ணு.

அக்கா: என்னன்னு சொல்றதும்மா, எனக்கே புரிய நாளாச்சு. அப்புறம் நேர்ல போய் எழுதிக் கொடுத்தேன், வட்டி ஏறினா தவணைய ஏத்துங்க, வருஷத்தை நீட்டாதீங்கன்னு. கேட்டா செய்றாங்க. கேக்கலைன்னா நீட்டுறாங்க.

அண்ணி: இதை இன்னும் கொஞ்சம் இழுத்துப் பாருங்க தம்பி. 50 லட்சத்துக்கு 43,391 கட்டிட்டு இருக்கும்போது, ஆரம்பத்துலயே வட்டி 9.5 ஆயிட்டா 20 வருஷம் 25 வருஷம் 9 மாசம் ஆகும். 10 ஆனா 32 வருஷத்துக்கு மேல. 10.5 ஆயிட்டா மாச வட்டியே 43,750. தவணை வட்டிக்கே பத்தாது, கட்டக் கட்டக் கடன் ஏறும். 30 வருஷத் தவணையில அந்த இடைவெளி இன்னும் சின்னது. உங்க 38,446-ல 3,029 தானே அசலுக்கு இருக்கு. வட்டி முக்கால் சதவீதம் ஏறினாப் போதும், அதுவும் காலி.

நான்: அண்ணி, கை நடுங்குது. வாங்கவே வேண்டாமான்னு தோணுது.

பெரியப்பா: அப்படிச் சொல்லாதப்பா. வீடு வாங்கு. கடன் வாங்கறது தப்பில்ல, கணக்குத் தெரியாம வாங்கறதுதான் ஆபத்து. வாடகைக்கு இருந்தாலும் காசு போகத்தானே செய்யுது? அதையும் ஒரு பக்கம் எழுதிப் பாரு. சொந்த வீட்டுக்கும் கடன் மட்டும் செலவில்ல. வரி, காப்பீடு, பெயின்ட், குழாய், கூரை. வீட்டு மதிப்புல வருஷம் 1 சதவீதம் பராமரிப்புக்கு ஒதுக்கி வைன்னு பொதுவாச் சொல்லுவாங்க. எல்லா வருஷமும் ஆகாது. ஆகிற வருஷம் மொத்தமா ஆகும்.

அம்மா: முதல்ல கையில கொஞ்சம் காசு இருக்கணும். வேலைக்கு ஏதாவது ஆச்சுன்னா தவணை நிக்காதே.

பெரியப்பா: அம்மா சொல்றதுதான் முதல் வேலை. ஆறு மாசத் தவணை தனியா இருக்கட்டும். அதைத் தொடாம மீதியில அசலைக் கட்டு.

அண்ணி: தம்பி, அனுமதிக் கடிதத்துல 50 லட்சம்தான் இருக்கா? காப்பீட்டுப் பிரீமியம் எதுவும் கடனோட சேத்திருக்காங்களா?

நான்: இருங்க பாக்குறேன். ஆமா, 1 லட்சம் இருக்கு. கையில இருந்து கட்ட வேண்டாம், லோன்லயே சேத்துக்கலாம்னு சொன்னாங்க. அப்ப தவணை 38,446-க்கு மேல வருமா?

அண்ணி: வரும். 30 வருஷத்துக்கு அந்த 1 லட்சம் 2 லட்சத்து 77 ஆயிரமா ஆகும். காப்பீடு எடுங்க, அது அவசியம். தனியா எடுத்துக் கையில இருந்து கட்டுங்க. வேற இடத்துலயும் விலை கேளுங்க.

அக்கா: நாளைக்குப் போய் மூணு விஷயம் கேளு. எழுத்துல வாங்கு. பகுதி அசல் கட்டினா கட்டணம் உண்டா? கட்டினதை அசல்ல கழிப்பாங்களா, அடுத்த தவணைக்கு முன்பணமா வச்சுப்பாங்களா? வட்டி ஏறினா என்ன செய்வாங்க? அப்புறம் மாசா மாசம் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவுன்னு போட்ட அட்டவணை முழுசாக் கேளு. முதல் பக்கம் மட்டும் கொடுத்தா வாங்காத.

நான்: சரிக்கா. வெள்ளிக்கிழமை கையெழுத்து வேண்டாம். தள்ளி வைக்கிறேன்.

புதன், மாலை 6:10

நான்: போயிட்டு வந்துட்டேன். பகுதி அசல் கட்ட கட்டணம் இல்ல. ஆனா ஒரு தடவைக்கு ஒரு முழுத் தவணைக்குக் குறையாமக் கட்டணுமாம். மாமா சொன்ன மாதிரி மாசம் 4,945 தனியாக் கட்ட முடியாது.

மாமா: அப்ப என் திட்டம் அங்கேயே அடிபட்டுப் போச்சு. கேட்டது நல்லதாப் போச்சு மாப்ள.

நான்: 20 வருஷம் போட்டா நிஜமாவே கழுத்தப் பிடிக்குது அக்கா. ராத்திரி முழுக்க எழுதிப் பாத்தேன். அதனால 25-க்கு மாத்தினேன். 40,261. காப்பீட்டைப் பிரிச்சுட்டேன். வருஷத்துக்கு ஒரு தடவை போனஸ்ல 60,000 அசல்ல போடலாம்னு இருக்கேன். அண்ணி, அது எங்க கொண்டு போய் விடும்?

அண்ணி: வட்டி இப்படியே இருந்தா 18 வருஷத்துக்குக் கொஞ்சம் மேல. 20 வருஷக் கடனை விடச் சீக்கிரம் முடியும். ஒவ்வொரு தடவை கட்டும்போதும் தவணையக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறைங்கன்னு எழுதிக் கொடுங்க. சும்மா விட்டா சில இடத்துல தவணையக் குறைச்சுடுவாங்க.

அக்கா: ஒரு வருஷம் 60,000 முடியலைன்னாலும் பரவால்ல, ஒரு தவணையாவது போடு. அட்டவணை கொடுத்தாங்களா?

நான்: முழுசா 300 வரி. முதல் வரி: தவணை 40,261, வட்டி 35,417, அசல் 4,844.

பெரியப்பா: ஒரு நோட்டு வாங்கிக்கோ தம்பி. கோடு போட்டது.

அம்மா: சாவி எப்பப்பா தருவாங்க?

நான்: அடுத்த மாசம் 5-ஆம் தேதிம்மா. நீங்கதான் வாங்கணும்.